அஞ்சாம் லைன், கொழும்பு மூன்று

1997ஆம் ஆண்டு நடந்தது இது. மாதம் மாசியா பங்குனியா என்று சரியாக ஞாபகம் இல்லை. ரப்பர் மரமெல்லாம் இலை உதிர்த்து, பால் குறைந்து, வேலையும் குறைந்திருந்த நேரம். அரநாயக்கப் பக்கம் ஒரு தோட்டத்தில் நான் பால் வெட்டிக்கொண்டிருந்தேன். வயது முப்பத்திரண்டு. அப்போதுதான் ஒரு நாள் கொழும்புக்குப் போனேன். அதற்கு முன்னால் போனதில்லை. பிறகும் போகவில்லை. எனக்கு எழுதிப் பழக்கமில்லை. நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

கொழும்பைப் பார்த்ததே இல்லை என்றாலும் எங்கள் தோட்டத்தில் எனக்குப் பெயர் கொழும்புக்காரி. அது வந்த விதத்தைச் சொல்ல வேண்டும்.

ஐந்தாம் வகுப்போடு என் பள்ளிக்கூடம் நின்றுவிட்டது. வாசிப்பு மட்டும் நிற்கவில்லை. மாவனல்லையில் நாங்கள் சாமான் வாங்கும் கடையில் பழைய புத்தகங்களை எடைக்கு வாங்கிப் போட்டிருப்பார்கள். ஒவ்வொரு தாளாகக் கிழித்து மிளகாயும் மல்லியும் சுற்றித் தருவார்கள். கடைக்காரரை நாங்கள் நானா என்போம். ஒரு நாள் அவர் கிழிக்கப் போன புத்தகத்தில் ஒரு வரைபடம் மடித்து ஒட்டியிருந்ததைப் பார்த்தேன்.

"நானா, அதக் கிழிக்காதீங்க. நான் எடுத்துக்கிறேன்."

"கொழும்புக்குப் போகப் போறீங்களா?"

"இல்ல. சும்மா படிக்க."

"நல்லா இரிக்கி. இது கொழும்பச் சுத்திக் காட்டுற புத்தகம். எனக்கு இதுல மல்லி சுத்தத்தான் தெரியும்."

சிரித்துக்கொண்டே கொடுத்துவிட்டார். அட்டை இல்லை. எந்த வருசம் அச்சடித்தது என்று போட்டிருக்கும் பக்கமும் இல்லை. மற்றதெல்லாம் இருந்தது. கொழும்பில் எங்கே இறங்குவது, எந்த வீதியால் போனால் எது வரும், மணிக்கூட்டுக் கோபுரம் எங்கே, கப்பல் எங்கே நின்று பார்க்கலாம், ட்ராம் வண்டி எங்கிருந்து எங்கே போகிறது என்று எல்லாம்.

பிறகு அதே கடையில் ஒரு கதைப் புத்தகமும் கிடைத்தது. அதற்கு முதல் பக்கங்களும் இல்லை, கடைசிப் பக்கங்களும் இல்லை. ஒரு ஆள் ஊரிலிருந்து கொழும்புக்கு வந்து இறங்குகிறான். யாரையும் தெரியாது. நடந்துகொண்டே இருக்கிறான். ஒரு அத்தியாயத்துக்கு ஒரு வீதி. வழிகாட்டிப் புத்தகம் வழியைச் சொன்னது. அந்த வழியில் போனால் எப்படி இருக்கும் என்பதைக் கதை சொன்னது. மழை பெய்தால் பால் வெட்டு இல்லை. அந்த மாதிரி நாட்களில் நாங்கள் குடியிருக்கும் வரிசை வீட்டு லயத்தின் வாசலில் இரண்டையும் மடியில் வைத்துக்கொண்டு, கதையில் அவன் நடக்க நடக்க வரைபடத்தில் விரலை வைத்துக்கொண்டே போவேன்.

பத்து வருசம் அப்படிப் போனது. கொழும்பு எனக்கு மனப்பாடம் ஆகிவிட்டது. தோட்டத்திலிருந்து யாராவது கொழும்புக்கு வேலைக்குப் போனால் என்னிடம் வந்து வழி கேட்பார்கள்.

"அக்கா, பொரளைக்கு எப்புடிப் போறது?"

"கோட்டையில எறங்கு. ட்ராம் வரும். ஏறி ஒக்காந்துக்க. கடைசில கொண்டுபோய் எறக்கி விட்டுடும்."

போனவர்களில் சிலர் திரும்பி வந்து, பஸ்ஸில்தான் போனோம் என்றார்கள். வசதியாக ட்ராம் இருக்க இவர்களுக்கு ஏறத் தெரியவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

கங்காணி கேலி பண்ணுவார். "இவளுக்கு நம்ம மலைக்கி அந்தப் பக்கம் என்ன இருக்குன்னு தெரியாது. கொழும்புல எத்தன சந்து இருக்குன்னு மட்டும் எண்ணிச் சொல்லுவா."

அவர் சொன்னதும் சரிதான்.

எனக்கு இருந்தது ஒரு தங்கச்சி மட்டும். அப்பா, அம்மா இருவரும் அடுத்தடுத்துப் போய்விட்டார்கள். நான்தான் அவளை வளர்த்தேன். அவளுக்குப் பதினெட்டு வயதானபோது கொழும்பில் ஒரு வீட்டு வேலை இருப்பதாகச் சொல்லி ஒரு ஆள் வந்தார். அவள் என்னைப் பார்த்தாள்.

"கொழும்பு எப்புடி இருக்கும்க்கா?"

நான் சொன்னேன். பொழுது சாய்ந்ததும் கடை கடையாக விளக்கு எரிவதை, கடல் காற்றை, கோபுரத்தில் மணி அடிப்பதை, எல்லாவற்றையும் நேரில் பார்த்தவள் மாதிரி சொன்னேன். அவளை வேறு யாரும் போகச் சொல்லவில்லை. நான் சொன்னதைக் கேட்டுத்தான் போனாள்.

மூன்று வருசம். மாதம் ஒரு கடிதம் வரும். நான் பதில் போடுவேன். மணிக்கூட்டுக் கோபுரம் பார்த்தாயா, கடலுக்குப் போனாயா, கப்பல் எத்தனை நின்றது என்று கேட்பேன். பார்த்தேன் அக்கா, நீ சொன்ன மாதிரியே இருக்கிறது என்று எழுதுவாள். அவள் பார்த்ததாக எழுதிய இடத்துக்கெல்லாம் வரைபடத்தில் பென்சிலால் ஒரு புள்ளி வைப்பேன். இருபது, இருபத்தைந்து புள்ளி சேர்ந்துவிட்டது. தனியாக இருக்கும்போது அதை எடுத்துப் பார்த்துக்கொண்டிருப்பேன். தீபாவளிக்கு வருகிறேன் என்று எழுதுவாள். வரமாட்டாள். வீட்டில் ஆள் வருகிறார்கள், அனுப்பவில்லை என்று அடுத்த கடிதத்தில் இருக்கும்.

அந்தச் செவ்வாய்க்கிழமை மத்தியானம் வந்த கடிதம் நான்கே வரி.

"அக்கா, இந்த வீட்டு ஆட்கள் வெளிநாடு போகிறார்கள். என்னை வேறு ஒரு வீட்டுக்குக் கொடுக்கப் போகிறார்கள். எந்த வீடு, எந்த ஊர் என்று சொல்லவில்லை. புதன்கிழமை பின்னேரம் ஐந்து மணிக்கு வேன் வரும். அதற்கு முதல் வந்து என்னைக் கூட்டிக்கொண்டு போ."

கடிதம் வந்து சேர ஆறு நாள் ஆகியிருந்தது. புதன்கிழமை என்பது மறுநாள். போகாவிட்டால் அவள் எங்கே போனாள் என்று தெரியாமலே போய்விடும்.

எனக்குப் பயம் வரவில்லை. கொழும்புதானே என்று நினைத்தேன்.

விலாசம் எனக்குப் பாடம். பதினெட்டு, அஞ்சாம் லைன், கொழும்பு மூன்று. எங்கள் பக்கம் லயத்தை லைன் என்றும் சொல்வோம். எங்கள் தோட்டத்தில் மூன்று டிவிசன். நான் இருப்பது இரண்டாம் டிவிசன், நாலாம் லைன், ஏழாம் காம்பரா, அதாவது ஏழாவது அறை. கடிதம் அப்படித்தான் வரும். கொழும்பையும் அப்படித்தான் பிரித்திருக்கிறார்கள் என்று எடுத்துக்கொண்டேன். மூன்றாம் டிவிசன், அஞ்சாம் லைன், பதினெட்டாம் காம்பரா. பெரிய பங்களாவில் வேலை செய்கிறவர்களுக்கு லயம் கட்டிக் கொடுத்திருப்பார்கள் என்று நினைத்தேன். மூன்று வருசமாக அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

விடிவதற்குள் முதல் பஸ்ஸில் மாவனல்லைக்கு இறங்கி, கொழும்பு பஸ் ஏறினேன். பையில் அடையாள அட்டை, ஒரு மாற்றுச் சேலை, வழிகாட்டிப் புத்தகம். கோட்டையிலிருந்து ட்ராம் போகும் பாதையைப் பென்சிலால் அழுத்திக் கோடு போட்டு வைத்திருந்தேன். யாரிடமும் வழி கேட்கக்கூடாது என்று இருந்தேன். வழி சொல்லித்தான் எனக்குப் பழக்கம்.

கொழும்புக்குள் நுழையும் இடத்தில் பஸ்ஸை நிறுத்தி எல்லாரையும் இறக்கினார்கள். யுத்தம் நடந்த காலம். வரிசையில் நின்று, அட்டையைக் காட்டி, பையைத் திறந்து காட்ட வேண்டும். என் பையைப் பார்த்தது ஒரு பொம்பளைப் பொலிஸ். புத்தகத்தை எடுத்தாள். விரித்தாள். வரைபடம் மடிப்பு அவிழ்ந்து தரையைத் தொட்டது. புள்ளியும் கோடும் பளிச்சென்று தெரிந்தது. அவள் முகம் மாறியது. என்னை வரிசையை விட்டு ஒதுக்கி நிறுத்தினாள்.

அங்கே ஒரு வயதான சார்ஜன்ட் மேசை போட்டு உட்கார்ந்திருந்தார். எங்களுக்குச் சிங்களம் பழகின பாஷை. சிங்களத்தில்தான் பேசினோம். தமிழில் எழுதுகிறேன்.

"இந்தப் புள்ளியெல்லாம் என்ன?"

"என் தங்கச்சி பார்த்த இடம் சார்."

"துறைமுகத்தில் ஏன் புள்ளி?"

"கப்பல் பார்த்ததாக எழுதினாள் சார்."

"ஸ்டேசனில்?"

"அங்கேதான் வந்து இறங்கினாள்."

"தங்கச்சி எங்கே இருக்கிறாள்?"

"மூன்றாம் டிவிசன் சார். அஞ்சாம் லைன், பதினெட்டாம் காம்பரா."

"கொழும்பிலா?"

"ஆமாம் சார்."

அவர் என்னையே பார்த்தார். பக்கத்தில் நின்ற இளம் பொலிஸ்காரன் ஏதோ அவர் காதில் சொன்னான். நான் வந்த பஸ் எனக்காக நிற்காமல் கிளம்பிப் போனது தெரிந்தது. அப்போதுதான் பயம் வந்தது. காட்டிக்கொள்ளவில்லை.

"சரி. இந்தக் கோடு என்ன? இதை யார் போட்டுக் கொடுத்தது?"

"நான்தான் போட்டேன். ட்ராம் பாதை சார். நான் அதில்தான் ஏறப் போகிறேன்."

"எதில்?"

"ட்ராமில். கோட்டையிலிருந்து பொரளைக்குப் போகுமே. அங்கே போய் மூன்றாம் டிவிசனைக் கேட்கலாம் என்று."

சார்ஜன்ட் புத்தகத்தை வாங்கி ஒவ்வொரு பக்கமாகத் திருப்பினார். ஒரு பக்கத்தில் ட்ராம் வண்டியின் படம் இருந்தது. அதைப் பார்த்ததும் அவர் உடம்பு குலுங்கியது. அழுகிறாரா என்று பார்த்தேன். சிரிப்பு.

"மேக பலன்ன!" என்று மற்றவர்களைக் கூப்பிட்டார். இதைப் பாருங்கள் என்று. "இவள் ட்ராமில் போக வந்திருக்கிறாள்!"

எல்லாரும் சிரித்தார்கள். இளம் பொலிஸ்காரன், "டிக்கட் நான் எடுத்துத் தரட்டுமா?" என்றான். என் பையைச் சோதித்தவளும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"நங்கி," என்றார் சார்ஜன்ட். தங்கச்சி என்று அர்த்தம். "அந்த ட்ராமில் நான் என் தகப்பனாரோடு ஏறியிருக்கிறேன். அப்போது நான் அரைக் காற்சட்டை. அதை நிறுத்தி முப்பது வருசத்துக்கு மேலாகிறது."

எனக்குச் சிரிப்பும் வரவில்லை, அழுகையும் வரவில்லை. பத்து வருசமாக நான் ட்ராம் ஏற அனுப்பி வைத்த முகங்கள் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. கோட்டையில் இறங்கி, வராத வண்டிக்கு எவ்வளவு நேரம் நின்றிருப்பார்களோ.

சார்ஜன்ட் அந்த வரைபடத்தை மட்டும் கவனமாகக் கிழித்து எடுத்துக்கொண்டார். புத்தகத்தைத் திருப்பித் தந்தார்.

"இதை வைத்துக்கொண்டு ஊருக்குள் போகாதே. நான் சிரித்துவிட்டேன். அடுத்த இடத்தில் சிரிக்கமாட்டார்கள்."

அதன் அர்த்தம் அப்போது பாதிதான் விளங்கியது. மீதி பிறகு, ஊருக்கு வந்து நாலைந்து நாள் கழித்து விளங்கியது. துறைமுகத்திலும் ஸ்டேசனிலும் புள்ளி போட்ட வரைபடத்தோடு வந்த தமிழ் ஆளை, குண்டு வைக்க வந்தவள் என்று பிடித்துக்கொண்டு போயிருப்பார்கள்.

லைன் என்றால் மருதானைப் பக்கம் வரிசை வீடுகள் நிறைய இருக்கின்றன, அங்கே போய்க் கேட்டுப் பார் என்றும் அவர்தான் சொல்லிவிட்டார். வெளியே வரும்போது பதினொரு மணி.

வரைபடம் இல்லாமல் கொழும்புக்குள் போனேன். அப்போதுதான் அது எனக்குத் தெரியாத ஊர் என்பதே தெரிந்தது. புத்தகத்தில் இருந்த வீதிப் பெயர்கள் பலகைகளில் இல்லை. எல்லாப் பெயரையும் மாற்றியிருந்தார்கள். கதையில் அந்த ஆள் நடக்கும்போது யாராவது அவனைப் பார்ப்பார்கள், ஏதாவது கேட்பார்கள். என்னை யாரும் பார்க்கவில்லை. இடித்துக்கொண்டு போனவர்களும் பார்க்கவில்லை. மலையில் நான் தனியாகத்தான் பால் வெட்டுவேன். விடியற்காலையில் முந்நூறு மரத்துக்கு நடுவே ஒரே ஆள். ஆனால் அங்கே நான் தனி என்று தோன்றியதில்லை. அன்றைக்கு அவ்வளவு சனத்துக்கு நடுவே தோன்றியது.

கடைசியில் மருதானையில் ஒரு கடையில் கேட்டேன். அஞ்சாம் லைன் எங்கே?

"மொன வத்தத?" என்றார் கடைக்காரர்.

எந்தத் தோட்டம் என்று கேட்கிறார். எங்கள் பக்கம் சிங்களத்தில் தோட்டத்தை வத்த என்றுதான் சொல்வார்கள். இவர் நான் தோட்டத்து ஆள் என்று கண்டுபிடித்துவிட்டார் என்று நினைத்து, எங்கள் தோட்டத்தின் பெயரைச் சொன்னேன். அப்படி ஒரு வத்த இந்தப் பக்கம் இல்லை, ஒருவேளை அந்தப் பாலத்துக்குப் பக்கத்தில் இருக்கும், போய்ப் பார் என்றார். பாலத்துக்குப் பக்கத்தில் போனால் இன்னொருவர் கால்வாய்ப் பக்கம் கையைக் காட்டினார்.

கொழும்பில் சின்னச் சின்ன வீடுகள் நெருக்கிக் கிடக்கும் இடத்துக்குத்தான் வத்த என்று பெயர். அங்கிருக்கும் தமிழ் ஆட்களும் தோட்டம் என்றே சொல்கிறார்கள். எனக்கு அது தெரியாது. கொழும்புக்குள்ளும் தோட்டம் இருக்கிறதே என்று ஒரு நிமிசம் சந்தோசப்பட்டேன். உள்ளே போய்ப் பார்த்தால் ஒரு செடி இல்லை, ஒரு மரம் இல்லை. நூறு வீட்டுக்கு ஒரு குழாய். வரிசையை எண்ணிக்கொண்டே போனேன். முதல் தோட்டத்தில் நாலு வரிசைதான் இருந்தது. அதற்குப் பிறகு மதில். இரண்டாவது தோட்டத்தில் அஞ்சாவது வரிசை இருந்தது. பதினெட்டாவது கதவு வரைக்கும் எண்ணித் தட்டினேன்.

ஒரு ஆள் தூக்கக் கலக்கத்தோடு சாரத்தை இடுப்பில் பிடித்துக்கொண்டு திறந்தார்.

"தங்கச்சி இருக்காளா?" என்றேன்.

"எந்தத் தங்கச்சி?"

"என் தங்கச்சிங்க. இங்கதானே இருக்கா?"

உள்ளேயிருந்து ஒரு பொம்பளைக் குரல் வந்தது. "யாருய்யா அது? யாரோட தங்கச்சியத் தேடிக்கிட்டு வந்திருக்காங்க?"

"எனக்கு என்னடி தெரியும்? நான் தூங்கிட்டு இருந்தேன்."

"தூங்கிட்டு இருந்தியா? ராத்திரி வேல, ராத்திரி வேலன்னு போறியே, அதுவா இது?"

அந்த அக்கா கரண்டியோடு வெளியே வந்தார். என்னைப் பார்த்தார். என் சேலையையும் பையையும் காலில் இருந்த சேற்றையும் பார்த்தார். குரல் மாறிவிட்டது.

"உள்ள வா. எங்கேயிருந்து வர்ற?"

சொன்னேன். உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தார். கடிதத்தைக் கேட்டார். அவருக்கு வாசிக்கத் தெரியாது. புருசனிடம் நீட்டினார். அவர் வாசலுக்கு வந்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"இதுல லைன்னு எங்க இருக்கு? லேன்னுல்ல போட்டிருக்கு."

வாங்கிப் பார்த்தேன். தங்கச்சியின் எழுத்து கோழி கிளறின மாதிரி இருக்கும். லே என்பதற்குப் போட்ட கொம்பைச் சங்கிலிக் கொம்பாக நினைத்து லை என்றே மூன்று வருசமும் வாசித்திருக்கிறேன். எனக்குத் தெரிந்தது லைன். அதனால் லைன் என்றே கண்ணுக்குத் தெரிந்திருக்கிறது. நான் போட்ட கடிதங்களிலும் லைன் என்றுதான் எழுதினேன். தபால்காரர் புண்ணியத்தில் போய்ச் சேர்ந்திருக்கிறது.

"கொழும்பு மூணுன்னா கொள்ளுப்பிட்டி," என்றார் அந்த அண்ணன். "தபாலுக்குப் போடுற நம்பர் அது. இவ டிவிசன்னு நெனச்சிருக்கா."

அந்த அக்கா சிரித்துவிட்டார். "லைன்ல இருக்கறது நாங்கடி. ஒன் தங்கச்சி இருக்கறது லேன்ல. பெரிய பெரிய பங்களா இருக்கற சந்து. ஒரு எழுத்து மாறினதுக்கு என் குடும்பம் ரெண்டாகப் பாத்துச்சே!"

பிறகுதான் ஐந்து மணி வேன் பற்றிச் சொன்னேன். சிரிப்பு நின்றது. அவர்கள் வீட்டு மணிக்கூட்டில் மூன்றரை தாண்டியிருந்தது. அடுப்பில் இருந்ததை இறக்கி வைத்துவிட்டு, புருசனிடம் பார்த்துக்கொள் என்று சொல்லிவிட்டு, என் கையைப் பிடித்துக்கொண்டு ஓட்டமும் நடையுமாக பஸ் நிற்கும் இடத்துக்கு வந்தார். கொண்டக்டரிடம் என்னை எங்கே இறக்க வேண்டும் என்று இரண்டு தடவை சொன்னார். பஸ் நகரும்போது ஒரு பாண் துண்டை ஜன்னலுக்குள் நீட்டினார். அவர் பெயரை நான் கேட்கவில்லை. அவரும் என் பெயரைக் கேட்கவில்லை.

இறங்கி விசாரித்து அந்தச் சந்துக்குள் நுழைந்தேன். இரண்டு பக்கமும் உயரமான மதில். ஒரு ஆள் நடமாட்டம் இல்லை. பதினெட்டு என்று போட்டிருந்த கேட்டைத் தட்டினேன். நாலரைக்கு மேல் இருக்கும்.

வீட்டு அம்மா வந்தார். படித்தவர், தன்மையாகப் பேசினார். பின்னால் வீடு முழுக்கப் பெட்டி கட்டி வைத்திருந்தது.

"அக்காவா? நீங்க வர மாட்டீங்கன்னு நினைச்சேன். புது வீட்டுக்காரங்களுக்கு நான் சொல்லிட்டேனே. இப்ப வேன் வரும்."

"கூட்டிட்டுப் போக வந்திருக்கேங்க."

"நல்ல இடம் அது. என்னோட சொந்தக்காரங்கதான்."

"கூட்டிட்டுப் போறேங்க," என்றேன் மறுபடியும். கேட்டுக்கு நடுவே நின்றுகொண்டேன்.

அதற்குள் தங்கச்சி பின்பக்கமாகச் சுற்றி வந்துவிட்டாள். கையில் மூட்டை. ஓடி வரவில்லை. மெதுவாக நடந்து வந்து என் பக்கத்தில் நின்றாள். வெயிலே படாமல் முகம் வெளுத்திருந்தது. இருபத்தொரு வயதுப் பிள்ளை, யாரோ மாதிரி இருந்தாள்.

அந்த அம்மா அவள் கையில் இருந்த மூட்டையைப் பார்த்தார், தடுக்கவில்லை. பிறகு அவள் தலையைத் தடவினார். "தங்கமான பிள்ளை. மூணு வருசத்துல ஒரு நாள்கூட வாய் திறந்து ஒண்ணு கேட்டதில்ல," என்றார். பாராட்டித்தான் சொன்னார்.

வெளியே வந்து சந்து முனையில் நின்றோம். பெரிய வீதி. வண்டி போய்க்கொண்டே இருந்தது.

"எந்தப் பக்கம் போகணும்?" என்று அவளைக் கேட்டேன்.

"எனக்கு எப்புடிக்கா தெரியும்?"

"மூணு வருசமா இருக்கியே."

"வந்தன்னைக்கு இந்தக் கேட்டுக்குள்ள போனேன். இன்னைக்குத்தான் வெளில வர்றேன். கடுதாசியக்கூட கேட்டுல வச்சுத் தபால்காரர் கையிலதான் குடுப்பேன்."

எனக்கு விளங்கவில்லை. "கோபுரம் பார்த்தேன்னு எழுதினியே. கப்பல் பார்த்தேன்னு எழுதினியே. கடல்?"

அவள் தலையைக் குனிந்துகொண்டாள். "நீ எழுதுறதத்தான் திருப்பி எழுதினேன். நீ கேக்குறப்ப இல்லன்னு எப்புடிச் சொல்றது? ஒனக்கு ஆசையா இருந்துச்சு."

ரோட்டில் போன ஒருவரைக் கடல் எங்கே என்று கேட்டேன். அன்றைக்கு நானாகப் பயப்படாமல் கேட்ட முதல் வழி அதுதான். அவர் எதிர்ப்பக்கத்தைக் காட்டினார். வீதியைக் கடந்து, ஒரு சின்னத் தெருவில் இறங்கி, ரயில் பாதையைத் தாண்டினோம். அவ்வளவுதான். அந்த வீட்டிலிருந்து ஐந்து நிமிசம்கூட இல்லை. கடல் இருந்தது. மண் கலரில், ஒரே இரைச்சலாக.

தங்கச்சி அசையாமல் நின்றாள்.

"இந்தச் சத்தமா?" என்றாள். "அக்கா, இது எனக்குத் தெரியும். ராத்திரியில எல்லா வேலையும் முடிச்சிட்டுப் படுத்தா கேக்கும். எங்கேயோ ஃபேக்டரி ஓடுதுன்னு நெனச்சேன். நம்ம தோட்டத்து ஃபேக்டரி மாதிரின்னு நெனச்சுக்கிட்டுத்தான் தூங்குவேன்."

அப்புறம்தான் அழுதாள். அவ்வளவு நேரமும் அழாதவள். நான் என்ன செய்வதென்று தெரியாமல் அவள் மூட்டையை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். பையில் இருந்த பாணை இரண்டாகப் பிய்த்துக் கொடுத்தேன். சாப்பிட்டோம். அன்றைக்கே ஊருக்குத் திரும்பினோம்.

மூன்று வருசத்தில் நான் அவளுக்கு முப்பது கடிதமாவது போட்டிருப்பேன். ஒன்றில்கூடச் சாப்பிட்டாயா என்று கேட்டதில்லை. யாரோடு பேசுகிறாய், எங்கே படுக்கிறாய், அழுதாயா என்று கேட்டதில்லை. ஊர் எப்படி இருக்கிறது என்றே கேட்டேன். கேட்காத ஒன்றை அவளாகச் சொல்ல மாட்டாள். அப்படித்தான் நான் வளர்த்திருக்கிறேன். கடைசியில் அவளாக எழுதிய அந்த நாலு வரிதான் அவளுடைய சொந்தக் கடிதம். மற்றதெல்லாம் என் கடிதமே எனக்குத் திரும்பி வந்தது.

அதற்குப் பிறகு இரண்டு வருசம் என்னோடு இருந்தாள். பிறகு நிவித்திகலப் பக்கம் ஒரு தோட்டத்தில் கட்டிக் கொடுத்தேன். பிள்ளைகள் இருக்கிறார்கள். நல்லபடியாக இருக்கிறாள். இங்கே காம்பராவில் நான் மட்டும்தான். இன்னும் பால் வெட்டுகிறேன். மழை நாளில் இன்னும் வாசிக்கிறேன். யாராவது வழி கேட்டால், எனக்குத் தெரியாது, அங்கே இறங்கிக் கேளுங்கள் என்று சொல்லிவிடுவேன்.

இப்போது எல்லார் கையிலும் போன் வந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை அவளுக்கு எடுப்பேன். இரண்டு பேருக்கும் அதிகம் பேச வராது. இன்றைக்கு யார் கூடப் பேசினாய் என்று முதலில் கேட்பேன். அவள் யோசித்து, ஒவ்வொரு ஆளாகச் சொல்லுவாள். ஒரு ஊரைத் தெரிந்துகொள்ளப் புத்தகம் போதும் என்று பத்து வருசம் இருந்தவள் நான். கூடப் பிறந்தவளிடம் என்ன கேட்க வேண்டும் என்பது, வழி தெரியாமல் அலைந்த அந்த ஒரு நாளில்தான் எனக்குத் தெரிந்தது.